ஏளனப் பெயர் பெற்ற இசை

ஜாவாத் தீவு என்றதும் போரோபுதூர்த் தூபியும் தோற்பாவைக் கூத்தும் நம் நினைவுக்கு வருகின்றன. நான் இன்று கூறப்போவதோ, அந்நாட்டுப் பாமர மக்கள் திருமணப் பந்தலிலும் சந்தைத் திடலிலும் கேட்டு ஆடிவரும் டாங்டுட் என்னும் இசையின் கதை.

தபலாவை ஒத்த இணை முழவில் எழும் 'டாங்', 'டுட்' என்னும் ஓசைகளே அதன் பெயர். சேரி மக்களின் பாட்டு என்று இகழ்ந்தோர் 1970-களின் தொடக்கத்தில் ஏளனமாக வழங்கிய பெயர் அது. அதற்கு முன் அது மலாய் இசைக்குழுக்களின் பாட்டாக இருந்தது. 1950-களில் இந்தித் திரைப்படங்கள் அங்கே பெருகி வந்தன. அவற்றின் மெட்டுகளில் மலாய்ச் சொற்களை அமைத்துப் பாடினர். எல்யா காதாம் என்னும் பாடகியார் இந்தியப் பெண்டிரைப் போல் உடுத்து மேடையேறினார். கடன் வாங்கிய இசைதான். ஆயினும் பாடியவர்கள் அதைத் தமதாக்கிக் கொண்டனர் என்பதே என் துணிபு.

இகழ்ச்சிப் பெயரை விருதாக ஏற்றவர் ரோமா இராமா. 1946-இல் பிறந்த இவர், மேனாட்டு மின் கிதாரின் முழக்கத்தை அம்முழவோடு இணைத்தார். சமயப் போதனையையும் பாட்டில் வைத்தார். 1977-ஆம் ஆண்டுத் தேர்தலில், சுகர்த்தோ அரசை எதிர்த்து நின்ற இஸ்லாமியக் கட்சிக்காக அவர் பாடினார். அக்காலத்தில் நாட்டில் இருந்தது அரசுத் தொலைக்காட்சி ஒன்றே. அதன் கதவுகள் பத்தாண்டுகளுக்கு மேல் அவருக்கு அடைபட்டன. பயன் என்ன? ஒலிநாடாக்களும் திரைப்படங்களும் அவரை ஊர்தோறும் கொண்டு சென்றன. தடுக்க இயலாததை அணைத்துக்கொள்வது அரசுகளின் இயல்பு. 1990-களில் அமைச்சர்களே இவ்விசையைத் தேசிய இசை எனப் புகழலாயினர். 1997-இல் ரோமா, ஆளுங்கட்சியின் மேடையிலேயே நின்றார்!

பின் நிகழ்ந்ததே எனக்கு வியப்பளிப்பது. கிழக்கு ஜாவாவின் பாசுருவான் பகுதியில் கல்யாண மேடைகளில் பாடிவந்த இனுல் தாரதிஸ்தா என்னும் இளம்பெண், இடையைச் சுழற்றி ஆடிய ஆட்டத்தால் நாடறிந்தவரானார். 2003-இல் அவ்வாட்டம் ஒழுக்கக்கேடு என்று கண்டித்து, தம் பாடல்களை அவர் பாடலாகாது என்றவர் யார் தெரியுமா? ஒருகாலத்தில் தடைசெய்யப்பட்ட அதே ரோமா இராமா! எழுத்தாளரும் பெண்ணுரிமை இயக்கத்தாரும் இனுலின் பக்கம் நின்றனர். அவர் ஆட்டம் பதிந்த குறுவட்டுகளோ, உரிமம் எதுவுமின்றி நடைபாதைக் கடைகளில் விலைபோய்க்கொண்டிருந்தன.