ஜாம்பி படத்தின் ஹீரோ டுவேன் ஜோன்ஸ்

டுவேன் ஜோன்ஸ் என்று சொன்னால் நம்மில் பலருக்குத் தெரியாது. 'நைட் ஆஃப் தி லிவிங் டெட்' படத்து ஹீரோ என்றால் பேய்ப்பட ரசிகர்கள் "அட, அவரா!" என்பார்கள். இப்போது வரும் ஜாம்பி படங்களுக்கெல்லாம் தாத்தா அந்தப் படம்.

அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் நகரில் விளம்பரப் படம் எடுத்துக் கொண்டிருந்த ஜார்ஜ் ரொமேரோவும் நண்பர்களும், பத்துப் பேர் ஆளுக்கு 600 டாலர் போட்டு 1967-ல் ஆரம்பித்தது. கடைசியில் ஆன செலவு சுமார் 1,14,000 டாலர். கதையில் வரும் பென் ஒரு முரட்டு லாரி டிரைவர். அவன் கறுப்பன் என்று எங்கேயும் எழுதவில்லை. நடிக்க வந்தவர்களில் ஜோன்ஸ் தான் நன்றாகச் செய்தார், எடுத்துக் கொண்டார்கள், அவ்வளவு தான். ஜோன்ஸோ நிறையப் படித்தவர். அந்த முரட்டு வசனங்களைத் தன் பாணிக்கு மாற்றிப் பேசினார். நிதானமாக யோசித்து, வெள்ளைக்காரர்களுக்கு உத்தரவு போடும் ஒரு கறுப்பர்! 1968-ல் இது சாதாரண விஷயமா? இத்தனைக்கும் படத்தில் ஒருவர் கூட அவர் நிறத்தைப் பற்றி மூச்சு விடுவதில்லை.

(படம் பார்க்காதவர்கள் இந்தப் பத்தியைத் தாண்டிப் போய் விடுங்கள்.) இரவெல்லாம் பிணங்களோடு போராடிப் பிழைக்கும் பென்னை, காலையில் துப்பாக்கியோடு வரும் கூட்டம் அவனும் பிணம் தான் என்று நினைத்துச் சுட்டு விடுகிறது. பென் பிழைப்பதாக மாற்றலாமா என்று பேச்சு வந்தபோது வேண்டாம் என்றவர் ஜோன்ஸ் தான். செயற்கையாகக் காப்பாற்றப்படுவதை விடச் சாவதையே கறுப்பர்கள் ஏற்பார்கள் என்பது அவர் வாதம். முடிந்த படத்தோடு ரொமேரோ நியூயார்க்குக்குக் காரில் போகும்போது, மார்ட்டின் லூதர் கிங் சுடப்பட்ட செய்தி ரேடியோவில் வந்தது. 1968 ஏப்ரல் 4.

படம் ஓடோ ஓடென்று ஓடியது. ஆனால் விநியோகஸ்தர்கள் படத்தின் பெயரை மாற்றியபோது, டைட்டிலில் இருந்த காப்புரிமை வரி விட்டுப் போனது. அன்றைய அமெரிக்கச் சட்டப்படி அந்த வரி இல்லையென்றால் உரிமையும் இல்லை! யார் வேண்டுமானாலும் பிரதி போட்டு விற்கலாம். விற்றார்கள். ஒரு வரி விட்டதற்கு இவ்வளவு பெரிய நஷ்டக் கணக்கு வேறெங்கும் இருக்குமா தெரியவில்லை.

ஜோன்ஸ் அதற்குப் பிறகு நடித்தது கொஞ்சம் தான். 1973-ல் பில் கன் இயக்கிய 'கஞ்சா அண்ட் ஹெஸ்'. தயாரிப்பாளர்கள் கேட்டது சல்லிசான ரத்தக் காட்டேரிப் படம், கன் எடுத்ததோ வேறு மாதிரி. கான் விழாவில் திரையிடப்பட்ட அந்தப் படத்தை வெட்டி ஒட்டி வேறு பெயரில் விட்டார்கள். 1982-ல் கேத்லீன் காலின்ஸ் இயக்கிய 'லூசிங் கிரவுண்ட்'. ஒரு கறுப்பினப் பெண் இயக்கிய ஆரம்பகால முழுநீளப் படங்களில் ஒன்று. அதற்குத் தியேட்டரே கிடைக்கவில்லை.

பிழைப்பு? வாத்தியார் வேலை. நியூயார்க் மாநிலத்தில் ஓல்டு வெஸ்ட்பரி கல்லூரியில் நாடகத் துறையைப் பார்த்துக் கொண்டார். 1988 ஜூலையில் இறந்தார். அடுத்த இரண்டு மாதத்தில் காலின்ஸும் போய்ச் சேர்ந்தார். 'லூசிங் கிரவுண்ட்' முறையாகத் திரைக்கு வந்தது 2015-ல்.