கொன்ற பொருளும் கொண்ட அரசும்

ஆங்கில அகராதிகளில் ‘வழக்கொழிந்தது’ என்ற குறிப்போடு நிற்கும் சொற்கள் ஆயிரக்கணக்கானவை. அவற்றுள் ‘டியோடண்ட்’ என்பதைப் போல, ஒரு தேசத்தின் சமய உணர்ச்சியையும் அரசாங்கத்தின் பொருளாசையையும் ஏழைக் குடும்பங்களின் துயரத்தையும் ஒருங்கே சுமந்து வந்த சொல் அரிது. இன்று இங்கிலாந்திலேயே சட்ட சரித்திரம் பயில்வோரையன்றி மற்றவர்கள் அதை அறியார். ஆயினும் 13-ஆம் நூற்றாண்டு முதல் 1846-ஆம் ஆண்டு வரையில், அந்நாட்டில் ஒருவன் காளை முட்டியோ, வண்டிச் சக்கரம் ஏறியோ, ஆற்றில் படகு கவிழ்ந்தோ, கொதிக்கும் மிடாவில் விழுந்தோ மாண்டானென்றால், அவன் சடலத்தைச் சுற்றிக் கூடிய ஊரார் விடை சொல்லியாக வேண்டிய கேள்விகளுள் ஒன்று, அவனைக் கொன்ற பொருள் எது, அதன் விலை என்ன என்பதாகும். அவ்வாறு சுட்டப்பட்ட பொருளுக்குத்தான் டியோடண்ட் என்று பெயர்.

இச்சொல் லத்தீன் மொழியிலிருந்து வந்தது. ‘தேயோ தாந்தும்’ என்ற இரு சொற்கள் இணைந்து, ‘இறைவனுக்குக் கொடுக்கப்பட வேண்டியது’ என்று பொருள்பட்டு, ஆங்கிலேயர் நாவில் உருமாறி ஒரே சொல்லாயின. முதற் சொல் வடமொழியின் ‘தேவ’ சப்தத்தோடும், இரண்டாவது ‘தானம்’ என்பதில் உள்ள தாதுவோடும் ஒரே மூலத்தில் பிறந்தவை. ஆகவே நம் சோழர் கல்வெட்டுகளில் கோயிலுக்கு விட்ட நிலங்களைக் குறிக்கும் ‘தேவதானம்’ என்ற சொல்லும் இந்த ஆங்கிலச் சொல்லும் உறுப்புக்கு உறுப்பு உறவுடையவை என்பது, தமிழர்க்கு இச்சொல்லில் ஒரு தனி அக்கறையை உண்டாக்கக் கூடியது. ஆனால் உறவு சொல்லளவிலேதான். தேவதானம் மனமுவந்து அளித்தது. டியோடண்டோ இழவு வீட்டின் வாசலிலேயே பறித்துக்கொண்டது.

பறித்ததற்கு ஒரு தத்துவமும் இருந்தது. நோயுற்றுப் படுத்துச் சாகிறவன் பாதிரியாரை வரவழைத்துப் பாவங்களை அறிக்கையிட்டு, அந்திமக் கிரியைகளைப் பெற்றுக் கண்மூடுகிறான். விபத்தில் மாண்டவனுக்கோ அந்த அவகாசம் இல்லை. எனவே, அவனைக் கொன்ற மாட்டையோ வண்டியையோ விற்று, வந்த பணத்தைக் கொண்டு அவன் ஆத்மா சாந்தியடைய வழிபாடு நடத்துவதும் ஏழைகளுக்குப் பிச்சையிடுவதும் அதற்கான பிராயச்சித்தம் என்று மக்கள் கருதினர். இந்தப் புண்ணியச் செலவைச் செய்ய வேண்டியவர் அரசர். அரசருக்காகத் தருமக் காரியங்களைக் கவனித்த அதிகாரியின் கைக்குப் பணம் போய்ச் சேர வேண்டும். 1194-ஆம் ஆண்டில் ஏற்படுத்தப்பட்ட கொரோனர் என்னும் மரண விசாரணை அதிகாரி, ஊராரிலிருந்து ஜூரிகளை அமர்த்திச் சடலத்தைப் பார்வையிடச் செய்து, சாவுக்குக் காரணமான பொருளையும் அதன் மதிப்பையும் அவர்கள் வாயாலேயே சொல்லவைத்து எழுதிக்கொள்வார். பெரும்பாலும் பொருளை யாரும் கொண்டுபோவதில்லை. உரியவன் அதன் விலையைக் கட்டிவிட்டுத் தன் குதிரையைத் தானே வைத்துக்கொள்வான். கொலைக் குற்றச்சாட்டுகளில், கொல்லப் பயன்பட்ட கத்தி இன்ன விலை பெறும் என்று தவறாமல் குறித்துவந்த வழக்கமும் இதனால் வந்ததே. ஒருவன் வாளை மற்றொருவன் எடுத்துச் சென்று மூன்றாமவனைக் கொன்றாலும் வாள் அரசருக்குரியது. வாளுக்குடையவனிடம் குற்றமில்லை என்பது அங்கே எடுபடாது.

சட்டம் படித்தவர்கள் இதன் மீது கட்டிய நுணுக்கங்களைப் பார்த்தால் வியப்பு மேலிடும். உயிரைக் கொல்லும் வகையில் இயங்கிய யாவும் இறைவனுக்குரியன என்பது 13-ஆம் நூற்றாண்டில் பிராக்டன் பெயரால் வழங்கும் சட்ட நூலிலேயே காணப்படும் கொள்கை. இதிலிருந்து, அசையும் பொருளுக்கு ஒரு நியாயம், அசையாமல் நிற்கும் பொருளுக்கு ஒரு நியாயம் என்று பிற்காலத்தார் வகுத்தனர். நின்றுகொண்டிருக்கும் வண்டியின் சக்கரத்தில் ஏறும்போது ஒருவன் வழுக்கி விழுந்து இறந்தால் அந்தச் சக்கரம் மட்டுமே டியோடண்ட்; அதே வண்டி ஓடிக்கொண்டிருக்கையில் சக்கரம் அவன் மேல் ஏறியதானால், சக்கரமும் வண்டியும் அதிலிருந்த பாரமும் யாவும் போயின, ஏனெனில் பாரத்தின் கனமும் அவன் சாவுக்குத் துணை நின்றது. கப்பலிலிருந்து நன்னீரில் விழுந்து மாண்டால் கப்பலுக்குத் தண்டம் உண்டு; கடலில் விழுந்து மாண்டால் இல்லை, கடலின் ஆபத்து யாவரும் அறிந்ததாதலின். விவரம் அறியாச் சிறு பிள்ளை நின்ற வண்டியிலிருந்து விழுந்து இறந்தால் வண்டி தப்பும். பாவமே செய்யாத ஆத்மாவுக்குப் பிராயச்சித்தம் எதற்கு என்பது அதற்குக் கூறப்பட்ட சமாதானம். பொருளுக்குக் குற்றம் சாட்டுவது பேதைமை என்று எளிதில் தள்ளிவிடலாம். ஆனால் அந்தப் பேதைமையை இவ்வளவு கூர்மையான அறிவு எத்தனையோ தலைமுறைகள் காவல் காத்தது என்பதை நாம் மறக்கலாகாது.

இங்கிலாந்து மாத்திரம் இப்படி எண்ணவில்லை. மனிதனை முட்டிக் கொன்ற மாட்டைக் கல்லெறிந்து கொல்ல வேண்டும், அதன் மாமிசத்தை உண்ணலாகாது என்பது விவிலியத்தின் யாத்திராகமத்தில் உள்ள விதி. ஏதென்ஸ் நகரில், ‘அரசர்’ என்ற பட்டம் தாங்கிய நீதிபதி, கொலை செய்த மிருகங்களையும் அசேதனப் பொருள்களையும் முறைப்படி விசாரிக்கும் மன்றம் ஒன்று இருந்ததென்று அரிஸ்டாட்டில் பெயரால் வழங்கும் நூல் கூறுகிறது. அவ்வாறு குற்றம் நிரூபணமான பொருளை எல்லைக்கு அப்பால் எறிந்துவிட வேண்டும் என்று பிளேட்டோவும் தம் சட்ட நூலில் விதித்து, இடிக்கு மட்டும் விலக்களித்தார். இவற்றிலெல்லாம் சுவை மிக்கது பௌசானியஸ் எழுதிவைத்துள்ள ஒரு கதை. தாஸோஸ் தீவைச் சேர்ந்த தியாகெனீஸ் என்னும் மல்லன் இறந்தபின், அவன் வாழ்நாளில் அவனை வெல்ல முடியாத பகைவன் ஒருவன், இரவுதோறும் வந்து அவனுடைய வெண்கலச் சிலையைச் சவுக்கால் அடித்துத் தன் ஆத்திரத்தைத் தீர்த்துக்கொண்டானாம். ஒரு நாள் சிலை அவன் மேல் சாய்ந்து அவனைக் கொன்றது. அவன் புதல்வர்கள் சிலையின் மீது கொலை வழக்குத் தொடுத்தனர். தீவினர் சிலையைக் கடலில் எறிந்தனர். பிறகு நிலம் விளைவொழிந்து பஞ்சம் வந்தது. நாடு கடத்தப்பட்டவர்களைத் திரும்ப அழையுங்கள் என்று டெல்ஃபி கோயிலின் அசரீரி வாக்குக் கூற, மனிதர்களையெல்லாம் அழைத்தும் பஞ்சம் நீங்காமற்போக, தியாகெனீஸை மறந்துவிட்டீர்களே என்று இரண்டாம் முறை வாக்கு வந்தது. கடைசியில் மீனவர் வலையில் அகப்பட்ட அச்சிலையைப் பழைய இடத்திலேயே நிறுத்தித் தெய்வமாக வழிபட்டார்களாம்.

கிரேக்கருடைய வழக்கத்திற்கும் ஆங்கிலேயருடைய வழக்கத்திற்கும் இடையே ஒரு பெரிய பேதம் உண்டு. அங்கே கொன்ற பொருளை வெளியே எறிந்தார்கள். இங்கே அதைக் காசாக்கினார்கள். இறைவன் பெயரால் எழுந்த உரிமை நாளடைவில் அரசரின் வருமானமாயிற்று. அரசரும் அதைத் தமக்கே வைத்துக்கொள்ளாமல், ஆங்காங்கே நிலப்பிரபுக்களுக்கும் நகரசபைகளுக்கும் பாத்தியதையாக வழங்கினார். இறந்தவன் ஆத்மாவுக்காகப் பூசை செய்யும் வழக்கத்தையே 16-ஆம் நூற்றாண்டின் சமயப் புரட்சி இங்கிலாந்தில் ஒழித்துவிட்டது. அதன்பின் பிராயச்சித்தம் என்ற காரணம் போயிற்று, வசூல் மட்டும் நின்றது. 1765-இல் தம் சட்ட விளக்கத்தின் முதற் பாகத்தை வெளியிட்ட பிளாக்ஸ்டன், டியோடண்டை எந்த அத்தியாயத்தில் வைத்துப் பேசினார் என்பதைக் கவனித்தாலே போதும்: அது அரசரின் வருவாயைப் பற்றிய அத்தியாயம்.

ஜூரிகள் மட்டும் மனச்சாட்சியை இழக்கவில்லை. தங்களைப் போன்ற ஒரு வண்டிக்காரனின் பிழைப்பைப் பறித்து ஒரு பிரபுவின் பெட்டியை நிரப்ப அவர்களுக்கு மனம் வராமையால், வண்டி முழுவதையும் சொல்ல வேண்டிய இடத்தில் ஒரு சக்கரத்தைச் சொன்னார்கள். பவுன் கணக்கில் மதிப்பிட வேண்டியதற்கு ஒரு ஷில்லிங் என்று மதிப்பிட்டார்கள். பாத்தியதைக்காரர்கள் முறையிட்டபோது, உயர்நீதிபதிகளும் அத்தகைய வெறுக்கத்தக்க உரிமைக்குத் துணை போக மறுத்தார்கள். இவ்வாறு சட்டம் ஏட்டில் கடுமையாகவும் நடப்பில் மெலிந்தும், ஏறக்குறைய உறங்கிப் போயிற்று.

இந்த வரலாறு முழுவதிலும் என் நெஞ்சை உறுத்துவது வேறொன்று. மாண்டவனுடைய மனைவிக்கும் மக்களுக்கும் இதில் ஒரு காசும் உரியதன்று. இறைவன் பெற்றான், அரசர் பெற்றார், பிரபு பெற்றார். அடுப்பு அணைந்துபோன வீட்டார் மட்டும் பெறவில்லை. தனியே வழக்குத் தொடுத்து நஷ்டஈடு கேட்கவும் வழியில்லை. 1808-இல் பேக்கர் என்பவர், தாமும் மனைவியும் பயணம் செய்த கோச்சு வண்டி கவிழ்ந்து, மனைவி ஒரு மாதம் போலத் துன்புற்று மருத்துவமனையில் இறந்தமைக்காக வழக்காடினார். எல்லன்பரோ பிரபு என்னும் நீதிபதி, ஒரு மனித உயிரின் மரணத்தைச் சிவில் நீதிமன்றத்தில் ஒரு தீங்காகக் கூறி முறையிட இயலாது என்று தீர்ப்பளித்து, மனைவி உயிரோடிருந்த அந்த ஒரு மாத காலத்துக்கு மட்டுமே கணவரின் இழப்பைக் கணக்கிடலாம் என்றார். அதாவது, ஒருவனை முடமாக்கினவன் பணம் கொடுக்க வேண்டும்; அடியோடு கொன்றவன் கொடுக்க வேண்டியதில்லை. இதைவிட அநீதியான ஒரு விதியை நீதியின் பெயரால் யாரும் உரைத்ததில்லை என்றே நான் கருதுகிறேன்.

இந்த நிலையில் ரயில் வந்தது. 1841-ஆம் ஆண்டு டிசம்பர் 24-ஆம் தேதி விடியுமுன், லண்டன் பாடிங்டனிலிருந்து பிரிஸ்டலுக்குக் கிளம்பிய கிரேட் வெஸ்டர்ன் கம்பெனியின் சரக்கு வண்டி, ரெடிங் நகருக்கருகே ஸானிங் என்ற இடத்தில், குன்றை வெட்டி அமைத்த ஆழமான பாதையில், மழையில் ஊறிச் சரிந்து தண்டவாளத்தின் மேல் கிடந்த மண்ணில் மோதியது. எஞ்சினுக்கும் பாரமேற்றிய பின் வண்டிகளுக்கும் நடுவே மூன்றாம் வகுப்புப் பிரயாணிகளின் வண்டிகள் கோக்கப்பட்டிருந்தன. அவற்றுக்குக் கூரையில்லை, தாழ்ந்த பக்கப் பலகைகள் மட்டுமே உண்டு. எஞ்சின் நின்றதும், பின்னாலிருந்த பாரமெல்லாம் உந்திவந்து அவர்களை நசுக்கியது. எட்டுப் பேர் அங்கேயே மாண்டனர். பின்னர் மேலும் ஒருவர் இறந்தார். அவர்களிற் பலர், அப்போது லண்டனில் எழும்பிக்கொண்டிருந்த புதிய பாராளுமன்றக் கட்டடத்தில் கல்வேலை செய்துவிட்டு, கிறிஸ்துமஸ் பண்டிகைக்காக ஊர் திரும்பியவர்கள்.

விசாரணைக்கு அமர்ந்த ஜூரிகள், எஞ்சினின் மீதும் வண்டிகளின் மீதும் 1000 பவுன் டியோடண்ட் விதித்தார்கள். வண்டிக்காரனிடம் இரக்கம் காட்டிய அதே மக்கள், ஏழைகளைச் சரக்கோடு சரக்காக ஏற்றிச் சென்ற செல்வக் கம்பெனியைக் கண்டபோது, துருவேறிக் கிடந்த அந்தப் பழைய ஆயுதத்தை உறையிலிருந்து உருவினார்கள். அவர்கள் எஞ்சினுக்கு ஆத்மா உண்டென்று நம்பியவர்கள் அல்லர். கம்பெனியைத் தண்டிக்க வேறு வழி தங்கள் கையில் இல்லையென்று அறிந்தவர்கள். அத்தொகை பின்னர் மேல் நீதிமன்றத்தில் நிலைக்கவில்லை என்பது உண்மையே. ஆயினும் கம்பெனிகள் நடுங்கின. மூன்றாம் வகுப்பு வண்டிகளுக்குக் கூரையும் ஆசனமும் வேண்டுமென்று 1844-இல் கிளாட்ஸ்டன் முயற்சியால் நிறைவேறிய ரயில்வே சட்டத்திற்கு ஸானிங் விபத்தும் ஒரு தூண்டுதலாயிற்று.

இதே காலத்தில் காம்ப்பெல் பிரபு பாராளுமன்றத்தில் ஓர் இரட்டைக் காரியத்தை மேற்கொண்டார். டியோடண்டை மட்டும் ஒழித்துவிட்டிருந்தால் ரயில் கம்பெனிகள் மகிழ்ந்திருக்கும். நஷ்டஈட்டை மட்டும் கொண்டுவந்திருந்தால் இரட்டைத் தண்டனை என்று அவை கூக்குரலிட்டிருக்கும். ஆதலால் ஒன்றை எடுத்து மற்றொன்றைக் கொடுப்பதாக இரு மசோதாக்கள் சேர்ந்தே சென்று, 1846 ஆகஸ்டு மாதத்தில் ஒன்றன்பின் ஒன்றாகச் சட்டமாயின. முதற் சட்டம் டியோடண்ட் முறையை நியாயமற்றதென்றும் அசௌகரியமானதென்றும் கூறி, செப்டம்பர் 1 முதல் அடியோடு நீக்கியது. இரண்டாவது சட்டம், பிறருடைய தவறான செயலாலோ கவனக்குறைவாலோ ஒருவன் இறந்தால், அவனுடைய மனைவிக்கும் கணவருக்கும் பெற்றோருக்கும் பிள்ளைகளுக்கும் ஆக ஓராண்டுக்குள் வழக்குத் தொடரலாம் என்றது. அறுநூறு ஆண்டுகளாக மேல்நோக்கிச் சென்ற பணம் அன்றுதான் மாண்டவன் வீட்டுக் கதவைத் தட்டியது. அதிலும் ஒரு குறை இருந்தது. 1852-இல் மிட்லண்ட் ரயில்வே கம்பெனியின் மீது வந்த ஒரு வழக்கில், உற்றாரின் மனவேதனைக்கு விலை கிடையாது, இழந்த வருமானத்துக்கே கணக்கு என்று நீதிபதிகள் தீர்த்துவிட்டார்கள். பழைய டியோடண்ட், எவ்வளவு விகாரமடைந்திருந்தபோதிலும், ஓர் உயிர் போனது புனிதமான ஒரு குறை என்று ஒப்புக்கொண்டது. புதிய சட்டமோ போன உயிரின் சம்பளத்தை மட்டுமே கேட்டது. இருந்தும், விதவையின் கையில் வந்து சேரும் கணக்கே மேலானது என்பதில் எனக்குச் சந்தேகமில்லை.

அந்த 1846-ஆம் ஆண்டுச் சட்டம் நம் நாட்டுக்கும் வந்தது. அதைத் தழுவி 1855-ஆம் ஆண்டின் 13-ஆவது சட்டமாக மரண விபத்து நஷ்டஈட்டுச் சட்டத்தை இந்தியாவில் இயற்றினார்கள்; ராயபுரத்திலிருந்து வாலாஜாவுக்கு முதல் ரயில் ஓடியது அதற்கு அடுத்த ஆண்டு, 1856 ஜூலை 1-ஆம் தேதி. தமிழ்நாட்டுக்கு வண்டி வருமுன்னே வழக்குக்கு வழி வகுத்தாயிற்று. பின்னர் 1947-இல் தாராபுரத்திலிருந்து பழனிக்குச் சென்ற பேருந்து ஒன்று விபத்துக்குள்ளாகிப் பிரயாணி ஒருவர் இறந்தபோது, அவர் குடும்பத்தார் அந்தச் சட்டத்தின் பேரிலேயே நஷ்டஈடு கேட்டனர். வழக்கு உச்ச நீதிமன்றம் வரையில் சென்றது. குடும்பத்தார் இழந்த ஆதரவுக்கு முதற் பிரிவின் கீழும், இறந்தவரின் சொத்துக்கு நேர்ந்த நஷ்டத்துக்கு இரண்டாம் பிரிவின் கீழும் தனித்தனியே ஈடு கோரலாம், ஒரே இழப்பை இருமுறை எண்ணலாகாது என்று அந்த நீதிமன்றம் தீர்ப்பளித்தது.