முயலும், அளிக்கும்

ஒரு சொல் பல துறைகளிற் புகுந்து வெவ்வேறு பொருள் பெறுதல் மொழிகளின் இயல்பு. ‘மோடாலிட்டி’ என்னும் ஆங்கிலச் சொல் அத்தகையது. அளவு, முறை, பாங்கு எனப் பொருள்படும் ‘மோடஸ்’ என்ற இலத்தீன் சொல்லே அதற்கு வேர். மேனாட்டு இசைவாணர் சுர வரிசைகளின் அமைப்பை அவ்வேரினின்று எழுந்த சொல்லால் குறித்தனர். எக்ஸ்-கதிர், ஒலியலை முதலியவற்றால் நோயறியும் முறை ஒவ்வொன்றையும் மருத்துவர் அப்பெயரால் வழங்குகின்றனர்.

தருக்க நூலார் கொண்ட பொருள் இன்னும் நுட்பமானது. நிகழக்கூடியது, நிகழ்ந்தே தீர்வது என ஒரு கூற்று நிற்கும் நிலைகளை அவர்கள் அதனாற் குறித்தனர். நாளை கடற்போர் நடக்கும் என்னும் கூற்று இன்றே மெய்யோ பொய்யோ ஆகுமா என்று கி.மு. 4-ஆம் நூற்றாண்டிலேயே அரிஸ்டாட்டில் ஆராய்ந்தார். நம் நாட்டு மீமாம்சகரோ வேத வாக்கியங்களைப் பொருள்கொள்ளும் வழியில் இதனை அணுகினர். செய்க என ஏவுவது விதி. செய்யற்க எனத் தடுப்பது நிஷேதம். புகழ்ந்தோ பழித்தோ அவற்றுக்குத் துணைநிற்பது அர்த்தவாதம். ஏவும் ஆற்றல் வினைச்சொல்லின் விகுதியிலேயே உறைகிறது என்பது அவர்தம் துணிபு. தமிழிலக்கணமும் ஏவல், வியங்கோள் என வகுத்து அவ்வேறுபாட்டைப் போற்றுகிறது.

இஃது புலவர்க்கு மட்டும் உரிய ஆராய்ச்சி என்று நாம் எண்ணிவிடலாகாது. நம் அரசியல் சட்டத்தின் வரலாற்றில் ஒரு வினைச்சொல்லின் பாங்கு குழந்தைகளின் கல்வியையே தொட்டு நின்றது.

அரசியல் நிர்ணய சபையின் முன் வைக்கப்பட்ட நகல், ஒவ்வொரு குடிமகனுக்கும் இலவச ஆரம்பக் கல்வி பெற உரிமை உண்டு என்று தொடங்கியது. 1948 நவம்பர் 23-இல் அத்தொடர் நீக்கப்பட்டது; டாக்டர் அம்பேத்கர் அத்திருத்தத்தை ஏற்றார். எனினும் பதினான்கு வயது என்னும் எல்லையை அவர் குறைக்க இசையவில்லை. அவ்வயதிற்குட்பட்டோரை ஆலைகளில் வேலைக்கு அமர்த்தலாகாது எனில், அவர்கள் இருக்க வேண்டிய இடம் பள்ளியே என்பது அவர் வாதம்.

1950-இல் நடைமுறைக்கு வந்த சட்டத்தின் 45-ஆம் பிரிவு, பத்தாண்டுகளுக்குள் கட்டாய இலவசக் கல்வி அளிக்க அரசு ‘முயலும்’ என்றது. நெறிகாட்டும் கோட்பாடுகளை நீதிமன்றத்தின் வாயிலாக நிறைவேற்றுதல் இயலாது என 37-ஆம் பிரிவு கூறிற்று. 1960 வந்தது; சென்றது. முயற்சி நிறைவேறவில்லை, முயலும் என்ற சொல்லை மீறியதாக எவரையும் குற்றஞ்சாட்டவும் இயலவில்லை.

1993-இல் உச்ச நீதிமன்றம், உயிர்வாழும் உரிமையோடு இயைத்து, பதினான்கு வயது வரை இலவசக் கல்வி அடிப்படை உரிமையே என்று தீர்ப்பளித்தது. 2002-இல் 86-ஆம் திருத்தம் 21-அ பிரிவைச் சேர்த்தது. ஆறு முதல் பதினான்கு வயது வரையுள்ள குழந்தைகளுக்கு அரசு கல்வி ‘அளிக்கும்’ என்பது அதன் வாசகம். ஆயினும், அரசு சட்டத்தால் வகுக்கும் முறையில் என்றொரு தொடரும் உடன் நின்றது. அம்முறையை வகுத்த சட்டம் 2009-இல் பிறந்தது. இரண்டும் 2010 ஏப்ரல் 1-இல் நடைமுறைக்கு வந்தன. முயலும் என்பது அளிக்கும் என மாறி நடைமுறையாவதற்கு அறுபது ஆண்டுகள் சென்றன.

ஆறு வயதிற்குட்பட்ட மழலையர் திறத்திலோ, திருத்தப்பெற்ற 45-ஆம் பிரிவில் அரசு இன்றும் ‘முயலும்’ என்றே உள்ளது. சட்டத்தைப் பயிலுங்கால், அது தரும் பொருளை மட்டும் நோக்காது, தரும் பாங்கினை உரைக்கும் வினைமுற்றையும் நாம் நோக்குவோமாக.