தந்தை பிறந்த இடம்

கண்டி நகரில், மஹய்யாவ மாநகரசபைத் தொழிலாளர் குடியிருப்பிலிருந்து பேராதனைத் தாவரவியற் பூங்கா சில மைல் தொலைவுதான். 1944 ஏப்ரலில் தென்கிழக்காசிய நேசப்படைகளின் தலைமையகம் டில்லியிலிருந்து அப்பூங்காவுக்கு வந்தது. அதன் உச்சத் தளபதி, பிரித்தானியக் கடற்படையைச் சேர்ந்த லூயி மவுண்ட்பேட்டன் பிரபு. கடலற்ற மலைநாட்டில் ஒரு கடற்படைத் தளபதி அமர்ந்து பர்மியப் போரை நடத்தினார்.

அவருடைய வாழ்க்கையில் என்னை நிறுத்தி யோசிக்க வைப்பது போர் அன்று. அவருடைய தந்தையின் கதை. ஆஸ்திரியாவின் கிராஸ் நகரில் பிறந்த பேட்டன்பேர்க் இளவரசர் லூயி, 1868இல் 14 வயதில் பிரித்தானியக் கடற்படையிற் சேர்ந்தார். படிப்படியாக உயர்ந்து அதன் தலைமைப் பதவியையே அடைந்தார். முதலாம் உலகப்போர் மூண்டது. நாற்பத்தாறு ஆண்டுச் சேவை மறக்கப்பட்டது. ஜெர்மானிய வம்சம் என்பதே நினைவிருந்தது. 1914 அக்டோபரில் அவர் பதவி விலக நேர்ந்தது. 1917இல் குடும்பப் பெயரும் மவுண்ட்பேட்டன் என மாற்றப்பட்டது.

மகன் அப்போது கடற்படைப் பயிற்சி மாணவன். பின்னர் 1941 மே மாதம் கிரீட் தீவருகே அவர் தலைமை தாங்கிய 'கெல்லி' நாசகாரிக் கப்பல் குண்டுவீச்சில் மூழ்கியது. அவர் உயிர் தப்பினார். 1945 செப்டெம்பர் 12இல் சிங்கப்பூரில் ஜப்பானியரின் சரணாகதியை ஏற்றார். 1947இல் இந்தியாவின் கடைசி வைசிராய் ஆனார். 1955இல், தந்தை இழந்த அதே கடற்படைத் தலைமைப் பதவியில் அமர்ந்தார்.

இனி நம்மவர் கதை. மலாயாவை ஜப்பான் கைப்பற்றிய பின், நேசநாடுகள் இயற்கை இறப்பருக்குப் பெரிதும் இலங்கையையே நம்பியிருந்தன. அந்தப் பாலை வெட்டிய கைகளிற் பல இந்திய வம்சாவளித் தமிழருடையவை. போர் முடிந்து மூன்றே ஆண்டுகளில், 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. இலங்கையில் பிறந்திருந்தால் மட்டும் போதாது; தந்தையும் இங்கு பிறந்தவர் என்றோ, தந்தைவழிப் பாட்டனும் பூட்டனும் இங்கு பிறந்தவர்கள் என்றோ நிறுவவேண்டும் என்றது அது. பல இலட்சம் பேர் நாடற்றவராயினர்.

இச்சட்டத்தில் மவுண்ட்பேட்டனுக்குப் பங்கேதுமில்லை. ஆனால் அதே அளவுகோலை இங்கிலாந்து அவருக்கு வைத்திருந்தால் என்னவாகியிருக்கும்? தந்தை பிறந்தது கிராஸில். பாட்டனும் பூட்டனும் ஜெர்மனியர். விண்ட்சரில் பிறந்த அந்தப் பிரபுவும் நாடற்றவரே.

தந்தைக்கு நேர்ந்த அநீதி மகன் காலத்தில், 41 ஆண்டுகளில் நேர்செய்யப்பட்டது. மலையகத் தமிழருக்கோ, 1964இல் இரு பிரதமர்கள் மனிதரைத் தொகைகளாகப் பங்கிட்ட ஒப்பந்தத்தையும் கடந்து, 2003ஆம் ஆண்டுச் சட்டம்வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. அது 55 ஆண்டுகள். அதற்குள் பலருடைய தந்தையர் நாடற்றவராகவே மாண்டுபோயினர்.