பண்டாரவன்னியன்: வரலாறும் மேடையும்

போர் ஒரு சமூகத்தின் வாழ்வினை மாத்திரமன்றி, அச்சமூகம் தன் இறந்தகாலத்தை நினைவுகூரும் முறையினையும் மாற்றிவிடுகின்றது. அம்மாற்றம் தெளிவாகப் புலப்படும் இடங்களுள் நாடகமேடையும் ஒன்றாகும். வன்னிப் பெருநிலப்பரப்பைப் பொறுத்தவரையில் இதற்குத் தக்க சான்றாக அமைவது பண்டாரவன்னியன் கதையே. முள்ளியவளை தந்த எழுத்தாளர் முல்லைமணி வே. சுப்பிரமணியம் அதனை நாடகமாக யாத்தார். கூத்தாகவும் அது ஆடப்பட்டு வந்தது. 1983இன் பின்னர் வன்னி மண்ணே போர்க்களமானபோது இக்கதை முன்னில்லாத புதுப்பொருளைப் பெற்றது. எனவே, மேடை காட்டும் பண்டாரவன்னியனையும் வரலாறு காட்டும் பண்டாரவன்னியனையும் ஒப்புநோக்குதல் பயனுடைத்து.

முதற்கண் வரலாற்றை நோக்குவோம். 1803ஆம் ஆண்டு இலங்கையில் ஆங்கிலேயருக்கு இடர் நிறைந்த ஆண்டாக இருந்தது. பெப்ரவரியிற் கண்டி நகரைக் கைப்பற்றிய அவர்தம் படை, ஜூன் மாதத்தில் அங்கேயே அழிவுற்றது. இச்சூழலிலேயே வன்னியிலும் கிளர்ச்சி தோன்றிற்று. 1803 ஆகஸ்ட் 25ஆம் நாள் பண்டாரவன்னியன் முல்லைத்தீவில் இருந்த ஆங்கிலேயரின் நிலையைத் தாக்கிக் கைப்பற்றினான். அங்கிருந்த படைத்தலைவன் வொன் டிறிபேர்க் யாழ்ப்பாணத்துக்குப் பின்வாங்க நேர்ந்தது. பின்னர் யாழ்ப்பாணம், மன்னார், திருகோணமலை என மூன்று திசைகளிலிருந்தும் படைகள் வன்னிக்குள் அனுப்பப்பட்டன. அக்டோபர் 31ஆம் நாள் ஒட்டுசுட்டானை அடுத்த கற்சிலைமடுவிற் பண்டாரவன்னியன் தோல்வியுற்றான்.

ஆயின், கதை அத்துடன் முடிந்துவிடவில்லை. 1895இல் வெளிவந்த வன்னி மாவட்டங்கள் பற்றிய கைந்நூலில் ஜே. பி. லூயிஸ் தரும் செய்திகளின்படி, ஏறத்தாழ ஏழு ஆண்டுகள் கழிந்த பின்னரும் பண்டாரவன்னியன் கண்டியரின் ஆதரவோடு மீண்டும் தோன்றி, தென்னமரவடிப் பகுதி மக்களை ஆங்கில அதிகாரிகளுக்குப் பணியாதிருக்கத் தூண்டினான். கற்சிலைமடுவில் நாட்டப்பட்ட நினைவுக்கல்லும் அவன் அவ்விடத்தில் தோற்கடிக்கப்பட்டான் என்றே கூறிற்று. கொல்லப்பட்டான் என்று கூறவில்லை.

மேடை மரபு இதனின்றும் வேறுபடுகின்றது. அங்கே கற்சிலைமடுவே வீரனின் இறுதிக்களம்; காக்கைவன்னியனின் காட்டிக்கொடுப்பே அவ்வீழ்ச்சிக்குக் காரணம். இக்காக்கைவன்னியன் யார்? மயில்வாகனப்புலவர் இயற்றிய யாழ்ப்பாண வைபவமாலையில் அப்பெயரைக் காண்கின்றோம். ஆங்கே அவன் காட்டிக்கொடுப்பது பண்டாரவன்னியனையன்று. சங்கிலி மன்னனைப் போர்த்துக்கேயருக்கே காட்டிக்கொடுக்கின்றான். யாழ்ப்பாண அரசு போர்த்துக்கேயர் வசமானது 1619இல். ஆகவே, ஏறக்குறைய இருநூறு ஆண்டுகளைத் தாண்டி ஒரு துரோகியின் பெயர் வேறொரு வீரனின் கதைக்குள் குடிபுகுந்துள்ளது எனக் கொள்ளுதல் பொருந்தும்.

இம்மாற்றம் ஏன் நிகழ்ந்தது? நாடகத்தின் தேவை ஒரு காரணம். தோற்றபின் காடுகளில் ஆண்டுக்கணக்காக அலைந்து திரியும் தலைவனைக் காட்டிலும், களத்தில் வீழும் தலைவனே அவையோரின் உள்ளத்தை உருக்குவான். மற்றொரு காரணம் இதனினும் ஆழமானது. மூன்று திசைகளிலிருந்து வந்த படை, பேரரசொன்றின் படைக்கலவலிமை, வன்னிமைகள் முன்னரே நலிவுற்றிருந்தமை ஆகியவற்றை மேடையில் நிறுத்துதல் அரிது. ஒரு துரோகியை நிறுத்துதல் எளிது. தோல்வியின் காரணங்கள் யாவும் ஒரு மனிதனின் உருவில் திரளும்போது, தோற்ற சமூகம் தன்னைத் தானே ஆராயவேண்டிய கடமையினின்றும் விடுபடுகின்றது.

அமைதிக்காலத்தில் இது கதைச்சுவையோடு அமைந்துவிடும். போர்க்காலத்திலோ நிலைமை வேறு. காக்கைவன்னியன் என்பது ஒரு பாத்திரத்தின் பெயராக நில்லாது, உயிரோடிருக்கும் மனிதரைச் சுட்டும் வசைச்சொல்லாயிற்று. துரோகி என்ற சொல் உயிரையே பறிக்கக்கூடியதாயிருந்த காலத்தில், மேடை வழங்கிய ஒரு பெயருக்கு எத்துணை வலிமை இருந்தது என்பதை வரலாற்று மாணவர் மறத்தலாகாது.

இவ்விடத்தில் அமெரிக்க நாடகம் ஒன்றை ஒப்பிடுதல் பொருத்தமுடையது. இரண்டாம் உலகப்போரை அடுத்துக் கெடுபிடிப்போர் மூண்ட காலத்தில், பொதுவுடைமையர் எனச் சந்தேகிக்கப்பட்டோர் விசாரணைக்குழுக்களின் முன் நிறுத்தப்பட்டு, தம் நண்பர்களின் பெயர்களைக் கூறுமாறு வற்புறுத்தப்பட்டனர். 1953இல் ஆதர் மில்லர் ‘த குருசிபிள்’ என்னும் நாடகத்தை மேடையேற்றினார். 1692இல் சேலம் என்னும் ஊரில் நிகழ்ந்த சூனியக்காரர் விசாரணையே அதன் பொருள். மில்லரும் வரலாற்றை மாற்றவே செய்தார். சிறுமி அபிகேயிலின் வயதைக் கூட்டினார், பலரை ஒரே பாத்திரமாகச் சுருக்கினார். ஆயினும், அம்மாற்றங்களை நூலின் தொடக்கத்திலேயே குறிப்பாக எழுதி வைத்தார். அந்நாடகத்தின் நாயகன் பிறர் பெயரைக் காட்டிக்கொடுக்க மறுத்தே தூக்குமேடை ஏறுகின்றான். ஒரு மேடை துரோகிக்குப் பெயர் சூட்டிற்று. மற்றொரு மேடை பெயர் சூட்டும் செயலையே கேள்விக்குட்படுத்திற்று.

ஈழத்துத் தமிழ் மேடைக்கும் இத்தகைய தன்னாய்வு புதிதன்று. குழந்தை ம. சண்முகலிங்கம் எழுதி, க. சிதம்பரநாதன் நெறிப்படுத்திய ‘மண் சுமந்த மேனியர்’ 1985இல் யாழ்ப்பாணத்தில் மேடையேறியது. அதில் முடிசூடிய மன்னன் இல்லை; சாதாரண மக்களின் துயரமே கருப்பொருளாயிற்று. 1991இல் அவர் எழுதிய ‘அன்னை இட்ட தீ’ போர் மனித உள்ளத்தில் ஏற்படுத்திய வடுக்களை ஆராய்ந்தது. வீரனையும் துரோகியையும் விட்டகன்று மக்களை நோக்கியமையே இவற்றின் சிறப்பு எனலாம்.

இவற்றால் பண்டாரவன்னியன் நாடகம் பயனற்றதென்பது கருத்தன்று. எழுத்தாவணம் அருகியிருந்த வன்னியில் ஒரு தலைவனின் பெயரை மக்கள் மனத்திற் காத்தது கூத்தும் நாடகமுமேயாம். கற்சிலைமடுவின் கல்லும் பிற்காலத்தில் உடைக்கப்பட்டது. கல் உடைந்த பின்னரும் கதை உடையவில்லை. எனினும், 2009இல் முடிவுற்ற போரின் பேரிழப்பைச் சுமந்து நிற்கும் வன்னியில் நாளை இக்கதை மீண்டும் ஆடப்படும்போது, தோல்வியின் பின்னும் எழுந்து நின்ற பண்டாரவன்னியன் மேடைக்கு வருதல் வேண்டும். களத்தில் வீழ்ந்தவனிலும், தோற்றும் பிழைத்து மீண்டும் தம்மிடையே வந்தவனையே இன்றைய வன்னி மக்கள் தம்மவன் என எளிதில் இனங்கண்டுகொள்வர்.