ஐவன் காரில்

ஐவன் காரில் (1861–1921) பெல்ஜியத்தில் பிறந்து, லண்டனிலும் பின்பு நியூயார்க்கிலும் குடியேறிய இசையமைப்பாளர். இசை நகைச்சுவை நாடகம் லண்டனில் வேரூன்றிய காலத்தில் அதற்கு ஓர் உருவம் கொடுத்தவர்களில் முக்கியமானவர். இயற்பெயர் ஃபெலிக்ஸ் தில்கின். சொந்த ஊர் லியேஜ். அங்குள்ள இசைப் பள்ளியிலும் பாரிஸிலும் பயின்றபின், 1880களின் தொடக்கத்தில் லண்டன் சேர்ந்தார். கிடைத்த விலைக்குப் பாட்டுகளை விற்றும், வீடுகளுக்குச் சென்று இசை சொல்லிக்கொடுத்தும் காலம் தள்ளினார். 1886-இல் ‘தி லில்லி ஆஃப் லியோவில்’ மேடையேறியது. அதன்பின் லிரிக் அரங்கின் இசைக்குழுவை நடத்தும் வேலை அமைந்தது. பிரெஞ்சு இசை நாடகமான ‘லா சிகால்’ 1890-இல் அங்கே ஆங்கிலத்தில் வந்தபோது அதற்குக் கூடுதல் இசை எழுதினார். அதில் நடித்த அமெரிக்கப் பாடகி ஜெரால்டின் உல்மாரை மணந்தார். அந்த மணவாழ்வு நீடிக்கவில்லை. 1893-இல் வந்த ‘லிட்டில் கிறிஸ்டோபர் கொலம்பஸ்’ அவரை வெற்றி பெற்ற இசையமைப்பாளர் ஆக்கியது.

அவருடைய வாழ்வின் வளமான பகுதி கெயட்டி அரங்கில் கழிந்தது. தெரிந்த கதைகளைக் கேலியாக மாற்றிப் பாடி ஆடும் பர்லெஸ்க் நாடகங்களுக்குப் பேர்போன இடம் அது. அங்கே இசைக்குழுவை நடத்திவந்த மேயர் லுட்ஸும் குடியேறியவர்தான், ஜெர்மனியில் பிறந்தவர். 1890களில் பர்லெஸ்க் மக்களுக்கு அலுத்துவிட்டதை அரங்கின் முதலாளி ஜார்ஜ் எட்வர்ட்ஸ் புரிந்துகொண்டார். புராண, சரித்திர வேஷங்களைக் கழற்றிவிட்டு, அன்றைய லண்டன்வாசிகள் உடுத்தும் உடையிலேயே நடிகர்களை மேடையேற்றினார். 1894-இல் லுட்ஸின் இடத்துக்கு வந்த காரில், அதே ஆண்டு நவம்பரில் ‘தி ஷாப் கேர்ள்’ நாடகத்துக்கு இசையமைத்தார். பெரிய கடையில் விற்பனைப் பெண்ணாக வேலை செய்பவள் பெருஞ்செல்வத்துக்கு வாரிசு என்று தெரியவரும் கதை. 546 முறை நடந்தது.

அடுத்த பதினைந்து ஆண்டுகள் கெயட்டியின் இசை பெரும்பாலும் இருவர் கையில் இருந்தது: காரில், லயனல் மாங்டன். நாடகத்தின் தொடக்கக் குழுப்பாடல், பல பாத்திரங்கள் சேர்ந்து பாடும் பகுதிகள், அங்கம் முடியும்போது வரும் நீண்ட இசைத்தொடர் ஆகியவை பெரும்பாலும் காரில் பொறுப்பு. தனியாக எடுத்துப் பாடத்தக்க பாட்டுகளில் பெயர் வாங்கியவர் மாங்டன். போதாததற்கு, வெளியார் பாட்டுகளையும் விருப்பம்போல நடுவே சேர்ப்பது அக்கால வழக்கம். ‘தி ஷாப் கேர்ளில்’ நடிகர் சீமோர் ஹிக்ஸ் பாடிப் புகழ்பெற்ற பாட்டே வேறொருவர் எழுதியதுதான். காரிலின் பெயர் மங்கியதற்கு இந்த வேலைப் பங்கீட்டையே முதற்காரணமாகச் சொல்ல வேண்டும். தனிப்பாட்டு நாடகத்தை விட்டு வெளியே வந்து வீட்டுப் பியானோவிலும் இசைத்தட்டிலும் வாழும். இருபது பேர் சேர்ந்து பாடும் அங்க முடிவோ நாடகம் நின்றதும் நின்றுவிடும். ஆனால் சிதறிக்கிடந்த பாட்டுகளையும் நடனங்களையும் ஒரு நாடகமாகக் கட்டி நிறுத்தியவை அந்தப் பகுதிகள்தான். அவற்றுக்குத் தேறிய வாத்திய அறிவும் முறையான பயிற்சியும் வேண்டும். காரிலிடம் இரண்டும் இருந்தன. அவர் தனியாக நடத்திய இசைக்குழுவுக்காக இசையமைப்பாளர் எட்வர்ட் எல்கர் 1899-இல் ஒரு சிறு படைப்பு எழுதிக் கொடுத்தார்.

‘தி சர்க்கஸ் கேர்ள்’ (1896), ‘எ ரன்அவே கேர்ள்’ (1898), ‘தி மெசஞ்சர் பாய்’ (1900) என்று வெற்றிகள் தொடர்ந்தன. 1901-இல் வந்த ‘தி டோரியடோர்’ 675 முறை நடந்தது. பழைய கெயட்டி கட்டடத்தின் கடைசி நாடகம் அது. 1903 அக்டோபரில் புதிய கெயட்டியைத் திறந்துவைத்த நாடகமும் அவர் பங்களித்த ‘தி ஆர்க்கிட்’தான். அந்த ஆண்டின் கடைசி மூன்று மாதங்களில் ‘தி டச்சஸ் ஆஃப் டான்சிக்’, ‘தி ஏர்ல் அண்ட் தி கேர்ள்’ ஆகியவையும் வேறு அரங்குகளில் தொடங்கின. சலவைக்காரியாக இருந்து நெப்போலியனின் தளபதிக்கு மனைவியான கேத்தரினின் கதையைச் சொல்லும் ‘தி டச்சஸ் ஆஃப் டான்சிக்’, இசையின் கனத்தில் கெயட்டி நாடகங்களை விஞ்சி நிற்கிறது. அவருடைய முழுத் திறமையை அறிய விரும்புபவர் அதிலிருந்து தொடங்கலாம்.

1907-இல் ‘தி மெர்ரி விடோ’ லண்டனுக்கு வந்ததும் வியன்னா இசை நாடகங்களின் பக்கம் காற்று திரும்பியது. அப்படியும் 1909-இல் காரில் பங்களித்த ‘அவர் மிஸ் கிப்ஸ்’ 636 முறை நடந்தது. அதன்பின் காரில் அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்தார். பிரெஞ்சு நகைச்சுவை நாடகங்களைத் தழுவி இசை நாடகமாக்குவது அங்கே அவருக்குக் கைகொடுத்தது. 1911 மார்ச்சில் நியூயார்க்கின் நியூ ஆம்ஸ்டர்டாம் அரங்கில் தொடங்கிய ‘தி பிங்க் லேடி’ 312 முறை நடந்தது. அதன் வால்ட்ஸ் மெட்டு நாடகத்தை விட்டுத் தனியாகவும் புகழ்பெற்றது. ‘ஓ! ஓ! டெல்ஃபின்’ (1912), ‘சின்-சின்’ (1914), ‘ஜாக் ஓ’லான்டர்ன்’ (1917) ஆகியவையும் நன்றாக ஓடின.

புதிய நாடகம் ஒன்றைத் தயாரித்துக்கொண்டிருந்தபோது, 1921 நவம்பர் 29 அன்று நியூயார்க்கில் இறந்தார். அந்த நாடகம் ஆர்மண்ட் வெச்சி சேர்த்த இசையோடு, ‘தி ஹோட்டல் மவுஸ்’ என்ற பெயரில் 1922-இல் மேடையேறியது.