திருவிழா முடிந்த பிறகு வந்த வாய்தா

விஸ்வநத்தத்தில் மாணவர்களோடு பேசிக்கொண்டிருந்தபோது ஒரு தம்பி தன் ஊர் மனுவின் உத்தரவு நகலைக் காட்டினார். கோயில் திருவிழாவில் பொதுத்தெரு வழியாக முளைப்பாரி எடுத்துவர அனுமதியும் பாதுகாப்பும் கேட்டு, அவர் ஊர் சேரி மக்கள் போட்ட மனு. விசாரணைக்கு வந்தபோது திருவிழா முடிந்து பதினோரு நாள் ஆகியிருந்தது. தீர்மானிக்க இனி எதுவும் இல்லை என்று இரண்டு வரியில் முடித்துவிட்டார்கள். வக்கீல்கள் இதை 'இன்ஃப்ரக்சுவஸ்' என்பார்கள். மனு பயனற்றுப் போய்விட்டது என்று பொருள்.

"அப்போ நாம தோத்துட்டோமாண்ணே?" என்றார்.

தோற்கவில்லை, ஜெயிக்கவும் இல்லை. உரிமை உண்டா இல்லையா என்று யாருமே சொல்லவில்லை. வாய்தா மேல் வாய்தா வாங்கியவர்களுக்கு அதுவே போதும். ஆனால் தோழர்களே, பிறகு நடக்கிற நிகழ்வு எப்போதும் ஆதிக்கத்தின் பக்கமே நிற்பதில்லை. அதற்கு நம் வட்டாரத்திலேயே ஒரு வழக்கு இருக்கிறது.

1897 மே மாதம் கமுதி மீனாட்சி சுந்தரேஸ்வரர் கோயிலுக்குள் நாடார்கள் சிலர் நுழைந்தார்கள். அன்று அவர்களுக்கும் அந்த வாசல் அடைத்தே இருந்தது. கோயிலின் அறங்காவலரான ராமநாதபுரம் மன்னர் பாஸ்கர சேதுபதி வழக்குப் போட்டார். சிவகாசிக் கோயில் நுழைவுத் தகராறும் அதே காலத்தில் முற்றி, 1899 ஜூன் 6 அன்று ஊரே சூறையாடப்பட்டது. கமுதி வழக்கில் நாடார்கள் கீழ்க்கோர்ட்டில் தோற்றார்கள். மேல்முறையீடு நடக்கும்போதே சேதுபதி மனம் மாறி அவர்களோடு சமரசத்துக்கு வந்தார். வழக்கு அங்கேயே பயனற்றுப் போயிருக்க வேண்டும். நீதிமன்றம் விடவில்லை! வழக்கப்படி உரிமை இல்லாதவர்களை உள்ளே விட ஒப்புக்கொள்வது அறங்காவலர் செய்யும் நம்பிக்கை மோசடி என்றது. வேறொருவர் வழக்கை ஏற்று நடத்தினார். 1908இல் லண்டன் பிரிவி கவுன்சிலும் அதையே உறுதி செய்தது.

ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். எல்லா மனிதரும் சமம் என்று நாடார்கள் அந்த வழக்கில் வாதாடவில்லை. நாங்கள் க்ஷத்திரியர்கள் என்றுதான் வாதாடினார்கள். அவர்கள் ஜெயித்திருந்தாலும் நமக்கு அந்த வாசல் திறந்திருக்காது.

கமுதித் தீர்ப்பு முப்பது ஆண்டுக்கு மேல் உயிரோடு இருந்தது. கதவைத் திறக்க நினைக்கிற எந்த அறங்காவலர் தலையிலும் வழக்கு விழலாம். 1939 ஜூலை 8 அன்று வைத்தியநாத ஐயர், கக்கன் உள்ளிட்ட ஐந்து தலித்துகளையும் விருதுநகர் எஸ்.எஸ். சண்முக நாடாரையும் மதுரை மீனாட்சி கோயிலுக்குள் அழைத்துப் போனார். நிர்வாக அதிகாரி ஆர்.எஸ். நாயுடு தடுக்கவில்லை, வரவேற்றார். கமுதித் தீர்ப்பின்படி பார்த்தால் அவர் நிலை என்ன? அதனால்தான் ராஜாஜி அரசு அந்த மாதமே அவசரச் சட்டம் கொண்டுவந்தது. பின்னர் அது ஆலயப் பிரவேச அனுமதி மற்றும் காப்புறுதிச் சட்டமானது. உள்ளே விட்டதற்காக யார் மீதும் வழக்குத் தொடர முடியாது என்பதே அதில் 'காப்புறுதி' என்ற சொல்லின் பொருள். 1939 சட்டம்கூட அறங்காவலர் விரும்பினால் திறக்கலாம் என்றுதான் சொன்னது. 1947 சட்டம்தான் நுழைவதை உரிமையாக்கியது.

கமுதித் தீர்ப்பை எந்த நீதிபதியும் அடித்துத் திருத்தவில்லை. ஆட்கள் உள்ளே போனார்கள், பின்னாலேயே சட்டம் வந்தது, தீர்ப்பு செல்லாக்காசானது. சட்டம் தானாக முந்திக்கொண்டு வந்துவிடவில்லை என்பதைக் கவனியுங்கள்.

தம்பியின் ஊரில் அடுத்த திருவிழா பங்குனியில். மனுவை இப்போதே எழுதிக்கொண்டிருக்கிறோம். ஆண்டுதோறும் திரும்ப வரும் தகராறு இது, தேதி கடந்துவிட்டது என்று மூடக்கூடாது என்பதை முதல் பத்தியிலேயே வைத்திருக்கிறோம். போன மனுவின் கோரிக்கையில் இருந்த 'இவ்வாண்டு' என்ற சொல்லை எடுத்துவிட்டோம்.